கைப்பிடியிலிருந்து கத்தரிக்கோலுக்கு

'மூவி கேமராவுடன் ஒரு மனிதன்' என்ற 1929ஆம் ஆண்டுப் படத்தைப் பார்த்தவர்கள் அந்த மனிதரை எளிதில் மறப்பதில்லை. மூன்றுகால் ஸ்டாண்டைத் தோளில் சாத்திக்கொண்டு தொழிற்சாலைப் புகைபோக்கியின் மேல் ஏறுகிறார். ஓடும் காரில் நின்றபடியே பக்கத்துக் குதிரைவண்டியில் போகும் சீமாட்டிகளைப் படம்பிடிக்கிறார். அணைக்கட்டின் நுரைபொங்கும் நீருக்கு மேலே, கம்பியில் தொங்கும் தொட்டியில் கேமராவோடு நகர்கிறார். அவர் பெயர் மிகயீல் காஃப்மன். ஏழு ஆண்டுகளாகச் செய்திப்படம் எடுத்து அந்த இடத்துக்கு வந்தவர். படத்தின் இயக்குநர் சீகா வெர்தோவ் அவருடைய அண்ணன். எடிட்டர் யெலிசவேத்தா ஸ்விலோவா அண்ணி.

அந்தப் படத்தோடு அண்ணன் தம்பியின் கூட்டு முறிந்தது. அதே 1929இல் காஃப்மன் 'வசந்தத்தில்' என்று தனியாக ஒரு படம் எடுத்தார். எழுத்து, இயக்கம், கேமரா எல்லாம் அவரே. தான் சுற்றிய ஃபிலிமைத் தானே வெட்டி ஒட்டி முழுப்படமாக்கினார். சினிமா வரலாற்று நூல்கள் பெரும்பாலும் 'வெர்தோவின் தம்பி', 'வெர்தோவின் கேமராமேன்' என்ற இரண்டு அடைமொழிகளோடு அவரை முடித்துவிடுகின்றன. கேமராவைக் கீழே வைத்துவிட்டு எடிட்டிங் மேசைக்கு வந்த காஃப்மனைப் பற்றி அவற்றில் சில வரிகள் இருந்தால் அதிகம். எனக்கு அது பெரிய குறையாகப் படுகிறது. செய்திப்படக் கேமராமேன் ஒருவர் எடிட்டராகும்போது இரண்டை உடன் கொண்டுபோகிறார்: கேமராவின் கைப்பிடியைச் சுற்றிச் சுற்றிக் கையில் ஊறிய எண்ணிக்கை ஒன்று, பிரேமுக்கு வெளியே என்ன இருந்தது என்ற நினைவு மற்றொன்று. முதலாவது அவருக்குப் பலம். இரண்டாவது சுமை. காஃப்மனின் தொழில்வாழ்க்கையில் இந்த இரண்டையும் போதிய தெளிவோடு பார்க்க முடிகிறது.

குடும்பத்தின் ஊர் பியாலிஸ்டாக். அன்று அது ரஷ்யப் பேரரசில் இருந்தது, இன்று போலந்தில் இருக்கிறது. தந்தை புத்தக வியாபாரி, யூதர். சினிமாவுக்கு வந்த பிள்ளைகள் மூவர். மூத்தவர் பின்னாளில் தன் பெயரை சீகா வெர்தோவ் என்று மாற்றிக்கொண்டார். 1897இல் பிறந்த மிகயீல் நடுப்பிள்ளை. இளையவர் போரிஸ். முதல் உலகப் போரில் ஜெர்மன் படை நெருங்கியபோது குடும்பம் ரஷ்யாவின் உட்பகுதிக்கு இடம்பெயர்ந்தது. உள்நாட்டுப் போர்க்காலத்தில் செஞ்சேனையில் இருந்துவிட்டு 1922இல் மிகயீல் அண்ணனிடம் வந்துசேர்ந்தார். அப்போதுதான் வெர்தோவ் 'கினோ-பிராவ்தா' என்ற செய்திப்படத் தொடரைத் தொடங்கியிருந்தார். 1922 ஜூன் முதல் 1925 வரை அதில் 23 இதழ்கள் வந்தன. வெர்தோவ், ஸ்விலோவா, காஃப்மன் ஆகிய மூவரும் தங்களை 'மூவர் குழு' என்று அழைத்துக்கொண்டார்கள்.

அவர்கள் வேலைசெய்த இடத்தைப் பற்றி வெர்தோவ் எழுதிவைத்திருக்கிறார். மாஸ்கோவின் நடுவே, தெருமட்டத்துக்குக் கீழே, மண்தரை போட்ட ஒரு நிலவறை. எலிகள் கால்மேல் ஓடும். மேலே குழாய்கள் ஒழுகிக்கொண்டிருக்கும். மேசையைத் தவிர வேறெதன்மேல் பட்டாலும் ஃபிலிம் நனைந்துவிடும். ஈரத்தால் ஒட்டு சரியாகப் பிடிக்காது, கத்தரிக்கோல் துருவேறும். அறை முழுக்க ஃபிலிம் துண்டுகள் தொங்குவதால் நாற்காலியில் சாய்ந்து உட்காரவும் முடியாது. விடியற்காலைக் குளிரில் ஸ்விலோவாவுக்கு மூன்றாவது கோட்டையும் போர்த்திவிட்டு, மறுநாள் தயாராக வேண்டிய இதழ்களை முடித்தார்கள். போரும் முற்றுகையும் கடந்து வந்த நாட்டில் புது ஃபிலிமே அரிய பொருளாக இருந்த நேரம் அது. எடுத்த ஒவ்வொரு மீட்டருக்கும் பயன் இருந்தாக வேண்டும். செய்திப்படக் கேமராமேனின் சிக்கனம் இந்த நெருக்கடியில் பிறந்தது. இது வேண்டும், இது வேண்டாம் என்று தெருவிலேயே, கைப்பிடியைத் தொடுவதற்கு முன்பே அவர் முடிவெடுத்துவிடுகிறார். எடிட்டரின் முதல் முடிவும் அதுதான்.

எண்ணிக்கைக்கு வருகிறேன். அன்றைய கேமராக்களில் பெரும்பாலானவற்றுக்கு மோட்டார் கிடையாது. காஃப்மன் படத்தில் சுமந்து திரிவது பிரெஞ்சுத் தயாரிப்பான டெப்ரி பார்வோ. மரப்பெட்டி போன்ற உடலுக்குள்ளேயே 120 மீட்டர் ஃபிலிம் அடங்கும். பக்கத்திலுள்ள கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் 8 பிரேம் ஓடும். விநாடிக்கு இரண்டு சுற்று என்றால் 16 பிரேம். அந்தக் கணக்கில் 120 மீட்டரும் ஆறரை நிமிடத்தில் தீர்ந்துவிடும். பயத்தாலோ பரபரப்பாலோ கை வேகமெடுத்தால் விநாடிக்கான பிரேம்கள் கூடும். திரையில் மனிதர்கள் மிதந்து நடப்பார்கள். கை தளர்ந்தால் பிரேம்கள் குறையும். திரையில் ஊரே ஓட்டமாய் ஓடும். ஆகவே ரயில் வந்தாலும் கூட்டம் நெருக்கினாலும், பாடுகிறவர் மனத்துக்குள் தாளத்தைப் பிடித்திருப்பதுபோலக் கேமராமேனும் தன் சுற்றைப் பிடித்திருக்க வேண்டும். தேவைப்பட்டால் அறிந்தே அதை மீறவும் வேண்டும்.

மீறுவதில் காஃப்மன் தேர்ந்தவர். மாஸ்கோவின் பொல்ஷோய் அரங்கம் நடுவில் பிளந்து இரு பாதிகளும் உட்புறமாகச் சரியும் ஷாட்டைப் பலர் நினைவில் வைத்திருப்பார்கள். அது மேசையில் செய்த வேலை அன்று. லென்ஸின் ஒரு பாதியை மறைத்து, கேமராவை ஒரு பக்கமாகச் சாய்த்து எடுக்க வேண்டும். பிறகு லென்ஸை மூடி, அத்தனை சுற்றையும் எண்ணிப் பின்னோக்கிச் சுற்ற வேண்டும். அடுத்து மறுபாதியை மறைத்து, மறுபக்கம் சாய்த்து, அதே ஃபிலிமில் அதே எண்ணிக்கையில் இன்னொரு முறை எடுக்க வேண்டும். ஒரு சுற்று பிசகினால் பாதிகள் பொருந்தாது, ஃபிலிமும் வீண். இந்த உத்திகளுக்காக வெர்தோவைப் பாராட்டுவது வழக்கமாகிவிட்டது. யோசனை அவருடையதாக இருக்கலாம். ஆனால் அது ஃபிலிமில் ஏறியது காஃப்மன் எண்ணிய எண்ணிக்கையால்தான். இதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது.

எண்ணிக்கை மேசைக்கு வரும்போது என்ன ஆகிறது? 35 மி.மீ. ஃபிலிமில் ஒரு பிரேமின் உயரம் 19 மில்லிமீட்டர். 'மூவி கேமராவுடன் ஒரு மனிதன்' ஏறத்தாழ 1,800 மீட்டர் நீளம். அதில் 1,700க்கும் மேற்பட்ட ஷாட்டுகள். அதாவது ஒரு ஷாட்டுக்குச் சராசரி ஒரு மீட்டர் சொச்சம், ஐம்பதுக்குச் சற்று மேற்பட்ட பிரேம்கள். இறுதிப் பகுதியில் வெட்டு நெருங்கிக்கொண்டே போய் ஓரிரு பிரேம்கள் அளவுள்ள துண்டுகள்கூட வருகின்றன. இந்த 1,700 ஒட்டும் கையால் போட்டவை. ஒவ்வொரு துண்டின் ஓரத்திலும் படப்பூச்சைச் சுரண்டி, பசை தடவி, அடுத்த துண்டின்மேல் வைத்து அழுத்த வேண்டும். விரல்நகத்தின் அகலம் கொண்ட ஒரு துண்டை அப்படி ஒட்டிப் பார்க்கிறவருக்கு ஒரு பிரேம் என்பது கண்ணுக்குத் தெரியாத நொடி அன்று, கையில் பிடிக்கக்கூடிய பொருள். கைப்பிடியைச் சுற்றியவரும் அதை அப்படித்தான் அறிந்திருந்தார்.

ஸ்விலோவா இந்த வேலையைச் சிறுமியாக இருந்தபோதே கற்றவர். 1900இல் பிறந்த அவர் பதினான்கு வயதில் பாதே திரைப்பட நிறுவனத்தின் மாஸ்கோக் கிளையில் உதவி எடிட்டராகச் சேர்ந்தார். பின்னாளில், 1945இல், ஆஷ்விட்ஸ் முகாமில் சோவியத் கேமராமேன்கள் எடுத்த காட்சிகளைத் தொகுத்தவரும் அவரே. 'மூவி கேமராவுடன் ஒரு மனிதன்' படத்திலேயே அவர் வேலை செய்வதைக் காணலாம். பாய்ந்தோடும் குதிரை சட்டென நின்று நிழற்படமாகிறது. சில குழந்தைகளின் முகங்கள் ஃபிலிம் துண்டுகளாக மாறுகின்றன. பிறகு ஸ்விலோவா வருகிறார்: பெயர் எழுதிய அடுக்குகளிலிருந்து சுருளை எடுக்கிறார், ஒளிபடும் மேசையில் துண்டைப் பார்க்கிறார், வெட்டுகிறார். அந்தக் குழந்தைகள் மீண்டும் உயிர்பெற்றுச் சிரிக்கிறார்கள். இரண்டு தொழில்களையும் ஒரே படத்தில் இவ்வளவு நேராகக் காட்டிய வேறொரு படத்தை நான் பார்த்ததில்லை.

அந்தக் குழந்தைகளைக் காஃப்மன் எப்படி எடுத்தார் என்று யோசித்துப் பாருங்கள். தெருவோர வித்தைக்காரர் ஒருவரை அவர்கள் வாய்பிளந்து பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கேமரா இருப்பது அவர்கள் நினைவில் இல்லை. வேலையிலோ வேடிக்கையிலோ தோய்ந்திருக்கும் மனிதர்களைத் தேடிப்போய் எடுப்பது இவர்களின் முறை. அது பலிக்காத இடங்களும் உண்டு. பதிவு அலுவலகத்தில் மணமுறிவுப் பத்திரத்தில் கையெழுத்திட வந்த பெண் முகத்தை மறைத்துக்கொள்கிறார். அந்த அறையில் கேமராவோடு நின்றிருந்தவருக்கு அவருடைய கூச்சம் தெரியும், தான் அங்கே ஏன் நிற்கிறோம் என்ற உறுத்தலும் ஒருவேளை இருந்திருக்கும். மேசைக்குப் போகும் துண்டில் இருப்பது முகத்தை மறைக்கும் கை மட்டுமே.

கேமராமேன் எடிட்டராவதில் உள்ள சிக்கல் இதுதான். தண்டவாளங்களுக்கு அடியில் குழி தோண்டி, கேமராவை வைத்து, தலைக்கு மேல் ரயில் போவதை எடுத்த ஷாட் திரையில் சில விநாடிகளே நிற்கிறது. அதை எடுக்கப் பட்ட பாடு எடுத்தவருக்கு மறக்காது. மேசையில் இருப்பவருக்கு அந்தப் பாட்டைப் பற்றிய கவலை கிடையாது. முந்தைய துண்டோடும் பிந்தைய துண்டோடும் இது சேருகிறதா என்பதே கேள்வி. இந்த அறியாமையை நான் எடிட்டரின் தகுதியாகவே கருதுகிறேன். உயிரைப் பணயம் வைத்து எடுத்த ஷாட்டைத் தூக்கிப்போட, அந்தப் பணயத்தைப் பார்க்காத ஒருவர் வேண்டும். தானே எடுத்ததைத் தானே வெட்டுகிறவர் இந்தக் கடுமையைத் தன்னிடமிருந்தே வரவழைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

அதே ஆண்டுகளில் மாஸ்கோவில் இதற்கு நேரெதிரான ஒருவர் வேலைசெய்துகொண்டிருந்தார். எஸ்ஃபிர் ஷுப் ஒருபோதும் கேமராவைச் சுற்றியவர் அல்லர். அவருடைய 'ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி' 1927இல் வந்தது. ஜார் மன்னர் குடும்பம் தனக்காக எடுத்துவைத்த சுருள்கள், பழைய செய்திப்படங்கள் என்று ஏறத்தாழ 60,000 மீட்டர் ஃபிலிமைப் பார்த்து, அதிலிருந்து 1,500 மீட்டர்ப் படத்தை உருவாக்கினார். யார் எதற்காக எடுத்தார்கள் என்பதைத் தூக்கியெறிந்துவிட்டு, துண்டு தன் முன்னால் எதைக் காட்டுகிறது என்பதை மட்டும் அவர் பார்த்தார். மன்னரைப் புகழ எடுத்த ஊர்வலம் அவர் கையில் மன்னருக்கெதிரான சாட்சியமாயிற்று. எடுத்தவரின் நோக்கத்தை அறிந்தவராக இருந்திருந்தால் கை கூசியிருக்கும்.

காஃப்மனுக்கு 'மூவி கேமராவுடன் ஒரு மனிதன்' நிறைவு தரவில்லை. முதுமையில் அவர் அளித்து, நியூயார்க்கின் 'அக்டோபர்' இதழில் 1979இல் வெளியான பேட்டியில்கூட அந்த அதிருப்தி மறையவில்லை. மூன்று நகரங்களுக்கு மேல் அலைந்து எடுத்த காட்சிகள் ஒன்றையொன்று துரத்தி, தாம் எங்கே எடுக்கப்பட்டோம் என்பதையே இழந்துவிடுகின்றன: கீவ் தெருவில் தொடங்கும் நடை மாஸ்கோவில் முடிகிறது. வெர்தோவுக்கு அதுவே சாதனை. எங்குமில்லாத ஒரு நகரத்தை வெட்டிலிருந்தே கட்டியெழுப்பிவிட்டார். அந்தத் தெருக்களில் நின்றவருக்கு அது இழப்பாகப் பட்டிருக்கக்கூடும். அண்ணன், தம்பி மனஸ்தாபத்துக்கு வேறு காரணங்களும் இருந்திருக்கலாம். ஆனால் 'வசந்தத்தில்' படத்தைப் பார்க்கிற எவருக்கும் அது ஒரு பதிலாக எடுக்கப்பட்டது என்று தோன்றாமல் போகாது.

படம் ஒரே ஊரில், கீவில், ஒரே பருவத்தில் நடக்கிறது. பனி உருகுகிறது. குழந்தைகள் செய்த பனிப்பொம்மை சரிகிறது. தெரு சேறாகிறது, ஆறு பெருக்கெடுக்கிறது. ஜன்னல்களைக் கழுவுகிறார்கள், குளிர்காலத்துக் குப்பையை அள்ளுகிறார்கள், மொட்டு விரிகிறது, பூச்சிகள் வெளியே வருகின்றன, பிள்ளைகள் பிறக்கிறார்கள், மே தின ஊர்வலம் போகிறது. அடுத்தது என்ன என்பதை முடிவுசெய்வது பெரும்பாலும் வெயில்தான். அண்ணன் படத்தில் வெட்டு காட்சியைத் தள்ளிக்கொண்டு போகிறது; தம்பி படத்தில் காட்சி முடியும்வரை வெட்டு காத்திருக்கிறது. சாக்கடையில் நீர் வழிகண்டு ஓடும் ஒரு ஷாட்டில் கேமராமேனின் கை நிதானமாகச் சுற்றுவதை உணரலாம். எடிட்டர் அதைக் குறுக்கவில்லை. தான் அங்கே நின்று பார்த்த நேரத்துக்கு அவர் விசுவாசமாக இருக்கிறார். பிரேமுக்கு வெளியிலிருந்ததன் நினைவு இங்கே அவருக்குச் சுமையாக இல்லாமல் துணையாகிறது.

இதில் எனக்கு மிகவும் முக்கியமாகப் படுவது மொட்டுகள் விரியும் காட்சிகள். அவற்றை எடுக்கும் முறை தெரிந்ததுதான்: கேமராவை அசையாமல் நிறுத்தி, ஒரு பிரேம் எடுத்து, குறிப்பிட்ட நேரம் காத்திருந்து, இன்னொரு பிரேம். இப்படியே நாள்கணக்கில். இதை வெறும் தந்திரக் காட்சி என்று ஒதுக்குவது தவறு. அங்கே ஒவ்வொரு பிரேமுக்கும் அடுத்த பிரேமுக்கும் நடுவே ஒரு வெட்டு இருக்கிறது. எவ்வளவு நேரத்தை விட வேண்டும், எவ்வளவை வைத்துக்கொள்ள வேண்டும் என்ற முடிவு கைப்பிடியிலேயே எடுக்கப்படுகிறது. சுற்றுகிறவரும் வெட்டுகிறவரும் வெவ்வேறு ஆள் என்று சொல்லவே முடியாத இடம் அது. ஏழு ஆண்டுச் செய்திப்பட வேலையில் கை கற்றுக்கொண்ட எண்ணிக்கை முழுவதும் எடிட்டிங்காக மாறிவிட்டதை அந்தச் சில மீட்டர்களில் பார்க்கிறேன்.

படம் முழுக்க இந்தத் தரத்தில் இருக்கிறது என்று சொல்ல மாட்டேன். ஈஸ்டர் கொண்டாட்டத்தைக் காட்டும் பகுதி மதமறுப்புப் பிரசாரத்தின் கண்ணோடு வெட்டப்பட்டிருக்கிறது. அதுவரை பனிக்கும் பூச்சிக்கும் காட்டிய பொறுமையைக் காஃப்மன் அந்த மனிதர்களுக்குக் காட்டவில்லை. அவர்கள் வாதத்துக்கான உதாரணங்களாகிவிடுகிறார்கள்.

அடுத்த படத்தில் இந்தக் கோளாறு பெரிதாகிறது. 1931இல் வந்த 'முன்கண்டிராத படையெடுப்பு' சோவியத் தொழில்மயத்தையும் விவசாயத்தைக் கூட்டுப்பண்ணைகளாக்கியதையும் கொண்டாடுவது. இயந்திரங்களும் வயல்களும் பிரமாதமாக எடுக்கப்பட்டிருக்கின்றன, பிரமாதமாக வெட்டப்பட்டிருக்கின்றன. அதைத் தொடர்ந்து 1932-33இல் உக்ரைனில் பெரும்பஞ்சம் வந்தது, பல பத்து இலட்சம் பேர் மாண்டார்கள். கட்டாயத் தானியக் கொள்முதலும் கூட்டுப்பண்ணை நடவடிக்கையும் அதன் காரணங்களில் முதன்மையானவை.

இங்கே செய்திப்படத்தின் வரலாற்றையும் நினைத்துக்கொள்ள வேண்டும். 1922இல் 'கினோ-பிராவ்தா'வின் முதல் இதழ் பஞ்சத்தில் வாடிய குழந்தைகளைத்தான் காட்டியது. அன்று வோல்கா வட்டாரப் பஞ்சத்தை அரசு ஒப்புக்கொண்டு உதவி கேட்டது. ஆகவே கேமரா போனது, குழந்தைகளின் எலும்பும் தோலும் திரைக்கு வந்தன. பத்தாண்டு கழித்து வந்த பஞ்சத்தை அரசு மறுத்தது. சோவியத் செய்திப்படத்தில் அதற்கு இடமே இல்லாமல் போனது. வெட்டி எறிந்தால் தரையில் ஒரு துண்டாவது கிடக்கும், பின்னால் வருகிறவர் எடுத்துப் பார்க்கலாம். எடுக்கவே விடாத காட்சிக்கு அதுவும் கிடையாது. 'படையெடுப்பு' படத்தைக் கைத்திறனுக்காக மட்டும் பாராட்டி நகர என்னால் முடியவில்லை. பார்ப்பதற்கென்றே பழகிய ஒரு கண், பார்க்க அனுமதிக்கப்பட்டதை மட்டும் அழகாக ஒட்டித்தந்திருக்கிறது. அந்த ஆண்டுகளில் அங்கே வேலைசெய்த ஒருவருக்கு வேறு வழி இருந்ததா என்ற கேள்வியும் நியாயமானதே. அதைக் கேட்ட பிறகும் படம் அப்படியேதான் இருக்கிறது.

பிறகு காஃப்மன் பல பத்தாண்டுகள் ஆவணப்படங்கள் எடுத்தார். 'நம் மாஸ்கோ' 1939இல், 'த்ரெத்யாகோவ் கலைக்கூடம்' 1956இல். 'வசந்தத்தில்' அளவுக்கு அவை பேசப்படுவதில்லை. தம்பி போரிஸ் பிரான்ஸ் போய் இயக்குநர் ழான் விகோவின் கேமராமேனாகி, அமெரிக்காவில் 'ஆன் தி வாட்டர்ஃபிரன்ட்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கினார். வெர்தோவ் 1954இல் இறந்தார். அதன்பின் ஸ்விலோவா, தான் 1975இல் இறக்கும்வரை கணவரின் நாட்குறிப்புகளையும் கட்டுரைகளையும் படங்களையும் சேகரித்து, ஒழுங்குசெய்து, அச்சேற வழிசெய்தார். வெர்தோவ் இன்று உலகம் படிக்கும் பெயராக இருப்பதில் அந்த இருபது ஆண்டு உழைப்புக்குப் பெரும் பங்குண்டு. 2014இல் 'சைட் அண்ட் சவுண்ட்' இதழ் விமர்சகர்களிடமும் இயக்குநர்களிடமும் நடத்திய வாக்கெடுப்பில் ஆவணப்படங்களில் முதலிடம் 'மூவி கேமராவுடன் ஒரு மனித'னுக்குக் கிடைத்தது.

1980இல் இறந்த மிகயீலுக்கு அப்படித் தாள்களைக் காத்துத்தர ஒரு ஸ்விலோவா இருக்கவில்லை; அண்ணனைப்போல அவர் கோட்பாட்டை நிறைய எழுதியவரும் அல்லர். திரைப்பட வரலாறு பெரும்பாலும் எழுத்தைப் பின்தொடர்கிறது. எழுதாமல் செய்தவர்கள் அதில் குறிப்புகளாகச் சுருங்குகிறார்கள். ஆனால் 'வசந்தத்தில்' தப்பியிருக்கிறது. கீவிலுள்ள தொவ்ஷென்கோ மையம் உக்ரைனின் மௌனப்பட மரபில் ஒன்றாக அதைப் பேணித் திரைக்குக் கொண்டுவந்திருக்கிறது. வெர்தோவைப் பாடமாக வைக்கும் திரைப்படப் பள்ளிகள், அடுத்த வகுப்பிலேயே இதையும் போட வேண்டும். ஒரே கண் எடுத்த, ஒரே ஆண்டில் வெளியான இரண்டு படங்கள். கீவ் தெருக்கள் இரண்டிலும் வருகின்றன. எடிட்டர் மாறும்போது ஒரு ஷாட்டின் நீளம் எப்படி மாறுகிறது என்பதை மாணவர்கள் பிரேம் பிரேமாக எண்ணியே பார்த்துக்கொள்ளலாம்.